வீட்டுக் கடன்: 15 ஆண்டா, 30 ஆண்டா, கூடுதலாகக் கட்டும் 30 ஆண்டா?

வீட்டுக் கடன் வாங்கத் தீர்மானித்தவர்கள் பெரும்பாலும் இரண்டு எண்களை வைத்தே கடன்களை ஒப்பிடுகிறார்கள்: வட்டி விகிதம் எவ்வளவு, மாதத் தவணை எவ்வளவு. இரண்டும் தேவையான எண்கள்தாம் என்றாலும், தனித்தனியாக எடுத்துக்கொண்டால் இரண்டுமே கடனின் விலையைச் சொல்வதில்லை. ஒரே வட்டி விகிதத்தில் ஒரே தொகைக்கு வாங்கிய இரண்டு கடன்களில், ஒன்று மற்றொன்றைவிட இரண்டு மடங்குக்கும் மேலான வட்டியை வாங்கிவிடக்கூடும். தவணை சிறிதாக இருப்பதால் பாதுகாப்பானதாகத் தோன்றும் கடனே, வட்டி ஏறும்போது முதலில் தடுமாறும் கடனாகவும் இருக்கலாம்.

இக்கட்டுரை மூன்று வழிகளை ஒப்பிடுகிறது: 15 ஆண்டுக் கடன், 30 ஆண்டுக் கடன், 30 ஆண்டுக்கு வாங்கி விரும்பியபோது கூடுதலாகக் கட்டி முன்னதாகவே அடைக்கும் கடன். இம்மூன்றின் மீதும் நிலையான வட்டியா, மாறும் வட்டியா என்ற கேள்வி எப்படி வந்து விழுகிறது என்பதையும் பார்க்கலாம். இரண்டு கேள்விகளையும் தனித்தனியாக முடிவு செய்வதுதான் பலரும் சறுக்கும் இடம்.

கணக்குகள் அனைத்தும் 1,00,000 கடனுக்கு, ஆண்டுக்கு 8 சதவீத வட்டியில், மாதந்தோறும் குறையும் அசலின் மீது வட்டி கணக்கிடும் முறையில் போடப்பட்டவை. எந்த நாணயமானாலும் விகிதம் மாறாது. உங்கள் கடன் 40 லட்சமானால் 40 ஆல் பெருக்கிக்கொள்ளலாம்.

## எதை வைத்து ஒப்பிடுவது?

முதல் அளவுகோல், கடனை உண்மையில் எத்தனை ஆண்டுகள் வைத்திருப்பீர்கள் என்பது. பத்திரத்தில் 30 ஆண்டு என்று எழுதியிருந்தாலும், வீட்டை விற்பதாலோ, கடனை வேறு நிறுவனத்துக்கு மாற்றுவதாலோ, கையில் பணம் சேர்ந்து அடைத்துவிடுவதாலோ கடன் முன்னதாகவே முடியலாம். அப்படி முடியும் நாளில் எவ்வளவு அசல் மிச்சமிருக்கும் என்பதே அன்றைய உங்கள் நிலையைத் தீர்மானிக்கும்.

இரண்டாவது, வருமானம் குறைந்த மாதத்திலும் தவணையைக் கட்ட முடியுமா என்பது. மூன்றாவது, வட்டி 2 சதவீதப் புள்ளிகள் ஏறினால் தவணைக்கும் காலத்துக்கும் என்ன ஆகும் என்பது. நான்காவது, கடனுக்குள் நுழையவும் அதிலிருந்து வெளியேறவும் ஆகும் கட்டணங்கள். ஐந்தாவது அளவுகோலைப் பலர் கணக்கில் சேர்ப்பதே இல்லை: இருபது ஆண்டுகளுக்குப் பிறகு கட்டும் பணத்துக்கு இன்றைய பணத்தின் மதிப்பு இருக்காது. மொத்த வட்டியைக் கண்டு மிரள்வதற்கு முன் இதையும் பார்த்தாக வேண்டும்.

வீட்டு வரி, பராமரிப்பு, வீட்டுக் காப்பீடு ஆகியவை எந்தக் கடனை எடுத்தாலும் ஏறத்தாழ ஒரே அளவில் வருபவை. வீடு வாங்கலாமா என்று யோசிக்கும்போது அவை முக்கியமானவை. எந்தக் கடன் என்ற ஒப்பீட்டில் அவற்றுக்கு இடமில்லை.

## ஒரே பார்வையில்

ஒப்பீட்டுக்கு உதவியாக 20 ஆண்டுக் கடனையும் சேர்த்துள்ளேன்.

| 1,00,000 கடன், 8% வட்டி | 15 ஆண்டு | 20 ஆண்டு | 30 ஆண்டு |
|---|---|---|---|
| மாதத் தவணை | 955.65 | 836.44 | 733.76 |
| மொத்த வட்டி | 72,017 | 1,00,746 | 1,64,155 |
| முதல் தவணையில் அசலுக்குப் போவது | 288.98 | 169.77 | 67.10 |
| 7 ஆண்டு முடிவில் மிச்ச அசல் | 67,601 | 80,966 | 92,477 |
| பாதி அசல் அடையும் காலம் | 9 ஆண்டு 8 மாதம் | 13 ஆண்டு 8 மாதம் | 22 ஆண்டு 5 மாதம் |
| கட்டும் மொத்தத் தொகையின் இன்றைய மதிப்பு (பணவீக்கம் 4% எனில்) | சுமார் 1,29,200 | சுமார் 1,38,000 | சுமார் 1,53,700 |

அட்டவணையின் முதல் இரண்டு வரிகளைச் சேர்த்துப் பாருங்கள். 15 ஆண்டிலிருந்து 30 ஆண்டுக்குப் போகும்போது காலம் இரட்டிப்பாகிறது; தவணையோ 23 சதவீதம்தான் குறைகிறது. 20 ஆண்டிலிருந்து 30க்குப் போனால் தவணையில் கிடைக்கும் தள்ளுபடி வெறும் 12 சதவீதம். அதற்குக் கொடுக்கும் விலை 63,000க்கும் மேற்பட்ட கூடுதல் வட்டி. தவணை ஒரு மாதத்து வட்டிக்குக் கீழே ஒருபோதும் இறங்க முடியாது என்பதே இதற்குக் காரணம். 8 சதவீதத்தில் அந்தத் தரைமட்டம் 666.67. காலத்தை எவ்வளவு நீட்டினாலும் தவணை அந்தத் தரையை நெருங்குமே தவிர, அதைத் தாண்டி இறங்காது.

## முதல் வழி: 15 ஆண்டுக் கடன்

இதன் பலம் வெளிப்படையானது. முதல் மாதத்திலேயே தவணையில் ஏறத்தாழ 30 சதவீதம் அசலைக் குறைக்கிறது. ஏழாம் ஆண்டு முடிவில் மூன்றில் ஒரு பங்குக்குச் சற்றுக் குறைவான அசல் அடைந்துவிடும் என்பதால், அப்போது வீட்டை விற்க நேர்ந்தாலும் கையில் கணிசமான பணம் மிஞ்சும். நிலையான வட்டிச் சந்தைகளில் குறுகிய காலக் கடனுக்கு வட்டி விகிதமும் பெரும்பாலும் சற்றுக் குறைவாகவே இருக்கும். அப்படிக் கிடைக்குமானால் அட்டவணை காட்டுவதைவிட வேறுபாடு இன்னும் பெரிதாகும்.

மறைந்திருக்கும் செலவு பணப்புழக்கத்தில் இருக்கிறது. சுவருக்குள் போன பணம் அவசரத்துக்குத் திரும்ப வராது. ஐந்து ஆண்டுகள் பெரிய தவணையைத் தவறாமல் கட்டிய ஒருவர் வேலையை இழந்தால், அவர் இதுவரை நிறையக் கட்டியிருக்கிறார் என்பதற்காகக் கடன் தந்த நிறுவனம் ஆறாம் ஆண்டுத் தவணையைத் தள்ளிவைப்பதில்லை. அந்த நேரத்தில் தவணையைக் கட்டுவதற்காகத் தனிநபர் கடனோ கடன் அட்டையோ எடுத்தால், 8 சதவீதக் கடனைக் காப்பாற்ற அதைவிட மிகக் கூடுதல் வட்டியுள்ள கடனை வாங்கியதாக ஆகும். குறுகிய காலத்தில் மிச்சமாகும் வட்டியில் ஒரு பகுதியை அப்படிப்பட்ட ஓராண்டு விழுங்கிவிடும். ஆகவே, குறைந்தது ஆறு மாதத் தவணைக்கான பணத்தைத் தனியே வைத்த பிறகும் இந்தத் தவணை தாங்கும் என்றால் மட்டுமே இந்த வழியை எடுக்கலாம்.

வருமானம் நிலையாக உள்ளவர்கள், ஓய்வு பெற 15 முதல் 20 ஆண்டுகளே மிச்சமிருப்பவர்கள், கையில் மிஞ்சும் பணம் தானாகச் சேமிப்பாக மாறாது என்று தம்மைப் பற்றி அறிந்தவர்கள் ஆகியோருக்கு இதுவே சிறந்தது. கடைசியாகச் சொன்னது குறையன்று. பெரும்பாலான குடும்பங்களின் இயல்பு அது.

## இரண்டாவது வழி: 30 ஆண்டுக் கடன்

முதல் தவணையான 733.76இல் 666.67 வட்டிக்குப் போகிறது, அசலுக்கு 67.10 மட்டுமே. ஏழு ஆண்டுகளில் மொத்தம் 61,636 கட்டியிருப்பீர்கள். அசலில் குறைந்திருப்பது 7,523. அந்த நிலையில் வீட்டை விற்பவருக்கு, வீட்டின் விலை ஏறாமல் இருந்திருந்தால், விற்பனைச் செலவுகளைக் கழித்தபின் கடனை அடைத்து மிஞ்சுவது அவர் முதலில் போட்ட முன்பணத்தைவிடவும் குறைவாகப் போகலாம். சில ஆண்டுகளில் ஊர் மாறுவோம் என்று தெரிந்தவர்கள், தவணை குறைவு என்பதற்காக இதை எடுக்கும்போது, ஏறத்தாழ வாடகை கட்டியதற்குச் சமமான நிலையில்தான் வெளியேறுவார்கள் என்பதைத் தெரிந்துகொண்டே எடுக்க வேண்டும்.

ஆனால் 1,64,155 என்ற வட்டித் தொகையைக் காட்டி இந்த வழியை ஒரேயடியாக ஒதுக்குவதும் சரியான கணக்கன்று. ஆண்டுக்கு 4 சதவீதப் பணவீக்கம் என்றால், 18 ஆண்டுகளில் பணத்தின் வாங்கும் திறன் ஏறக்குறைய பாதியாகிவிடும். 25ஆம் ஆண்டில் கட்டும் 733.76, இன்றைய பணத்தில் 275 அளவுக்குத்தான் பெறும். அட்டவணையின் கடைசி வரி இதைத்தான் சொல்கிறது: பெயரளவில் 15 ஆண்டுக் கடனுக்கும் 30 ஆண்டுக் கடனுக்கும் இடையிலான வேறுபாடு 92,138, இன்றைய மதிப்பில் அது ஏறத்தாழ 24,500. வட்டி நிலையாக இருந்து, பணவீக்கம் உயர்ந்து, வருமானமும் அதனுடன் ஏறினால், நீண்ட கால நிலையான வட்டிக் கடன் கடனாளிக்கே சாதகமாகிறது.

இதே தர்க்கத்தின் நீட்சியாக அடிக்கடி முன்வைக்கப்படும் வாதம் ஒன்று உண்டு: இரண்டு தவணைகளுக்கும் உள்ள வேறுபாடான 221.89ஐ மாதந்தோறும் முதலீடு செய்தால் 30 ஆண்டுக் கடனே லாபம் என்பது அது. கணக்கின்படி, அந்த முதலீடு வரி போக ஆண்டுக்கு 8 சதவீதத்துக்கு மேல் ஈட்டினால்தான் வாதம் நிற்கும். வங்கி வைப்புக்குத் தரும் வட்டி, கடனுக்கு வாங்கும் வட்டியைவிடக் குறைவாகவே இருக்கும். அந்த இடைவெளியில்தான் வங்கி பிழைக்கிறது. எனவே பாதுகாப்பான சேமிப்பில் இது நடக்காது. ஏற்ற இறக்கமுள்ள முதலீட்டில்தான் நடக்கக்கூடும். கடனை முன்னதாக அடைப்பதால் கிடைக்கும் 8 சதவீதமோ உறுதியானது, வருமான வரி இல்லாதது. வீட்டுக் கடன் வட்டிக்கு வருமான வரிக் கழிவு தரும் இடங்களில், நீங்கள் அந்தக் கழிவைப் பயன்படுத்தும் அளவுக்கு இந்த 8 சதவீதம் குறையும் என்பதையும் சேர்த்துக்கொள்ள வேண்டும். இதையெல்லாம் பார்த்தபின், வேறுபாட்டுத் தொகை உண்மையிலேயே ஒவ்வொரு மாதமும் வேறிடத்தில் சேரப்போகிறதா என்ற கேள்வி மிஞ்சுகிறது. அது அன்றாடச் செலவில் கரைந்தால் வாதமும் அதனுடன் கரைந்துவிடும்.

வருமானம் இப்போது குறைவாகவும் இனி உறுதியாக ஏறக்கூடியதாகவும் உள்ளவர்கள், மாதாமாதம் வருமானம் மாறும் தொழில் செய்பவர்கள், காலம் முழுவதும் மாறாத வட்டி கிடைப்பவர்கள் ஆகியோருக்கு இந்த வழி பொருந்தும். மாறும் வட்டியில் இதன் கதை வேறு. அதைப் பிறகு பார்ப்போம்.

## மூன்றாவது வழி: 30 ஆண்டுக்கு வாங்கி, கூடுதலாகக் கட்டுவது

வட்டி விகிதம் ஒன்றாக இருந்து, முன்கூட்டி அடைக்கக் கட்டணமும் இல்லையென்றால், 30 ஆண்டுக் கடனுக்கு மாதந்தோறும் 955.65 கட்டுபவருக்குக் கடன் 15 ஆண்டுகளிலேயே முடியும். வட்டியும் 15 ஆண்டுக் கடனின் வட்டிதான். வேறுபாடு ஒன்றே: நெருக்கடி மாதத்தில் 733.76க்கு இறங்கும் உரிமை இவரிடம் இருக்கிறது. ஆண்டுக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாகக் கட்டினால்கூட, கடன் சுமார் 23 ஆண்டுகளில் முடிந்து ஏறத்தாழ 44,000 வட்டி மிச்சமாகும்.

இவ்வழியில் இரண்டு நுணுக்கங்கள் பெரிய தொகைகளைத் தீர்மானிக்கின்றன. இரண்டும் விளம்பரத் தாள்களில் இருப்பதில்லை.

ஒன்று, எப்போது கட்டுகிறோம் என்பது. முதலாண்டு முடிவில் 10,000 கூடுதலாகக் கட்டினால் கடன் 98 மாதங்கள் முன்னதாக முடிகிறது. மிச்சமாகும் வட்டி ஏறத்தாழ 61,900. அதே 10,000ஐப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் குறைவது 39 மாதங்கள், மிச்சமாவது ஏறத்தாழ 19,000. தொடக்க ஆண்டுகளில் அடைக்கும் அசல், மிச்சமுள்ள ஆண்டுகள் அனைத்துக்குமான வட்டியையும் தன்னோடு எடுத்துச் செல்கிறது. கடைசிக் காலத்தில் பணம் சேர்ந்தவுடன் அவசரமாக அடைப்பதில் மன நிறைவு இருக்கலாம். பண மிச்சம் அவ்வளவாக இராது.

மற்றொன்று, கூடுதல் தொகையைப் பெற்றபின் கடன் தந்த நிறுவனம் எதைக் குறைக்கிறது என்பது. காலத்தைக் குறைக்கலாம், அல்லது காலத்தை அப்படியே விட்டுத் தவணையைக் குறைக்கலாம். மேலே சொன்ன முதலாண்டு 10,000க்குக் காலத்தைக் குறைத்தால்தான் 61,900 மிச்சம். தவணையைக் குறைத்து அதே 30 ஆண்டுகள் கட்டினால் மிச்சம் ஏறத்தாழ 15,750 மட்டுமே. ஒரே பணம், ஒரே நாள், ஒரே கடன். படிவத்தில் எந்தக் கட்டத்தைக் குறிக்கிறோம் என்பதில் மட்டுமே இவ்வளவு வேறுபாடு. குறைந்த தவணையால் மாதந்தோறும் மிஞ்சும் பணத்தை மறுபடியும் அசலில் போடுபவருக்கு இந்த இழப்பு இல்லை. அப்படிப் போடுபவர்கள் சிலரே.

மறைந்திருக்கும் செலவுகளில் முதலாவது முன்கூட்டி அடைப்பதற்கான கட்டணம். நிலையான வட்டிக் கடன்களில் இது பல இடங்களில் காணப்படும். ஆண்டுக்கு இவ்வளவுக்கு மேல் கூடுதலாகக் கட்டக்கூடாது என்ற வரம்பும் இருக்கலாம். இரண்டாவது, கட்டிய பணம் அசலில் எந்த நாளில் வரவு வைக்கப்படுகிறது என்பது. சில நிறுவனங்கள் அடுத்த தவணை நாள் வரை அதைத் தனியே நிறுத்தி வைக்கும்.

சேமிப்புக் கணக்கோடு இணைந்த வீட்டுக் கடன் இவ்வழியின் இன்னொரு வடிவம். கணக்கில் நிற்கும் பணத்தைக் கழித்த மீதிக்கு மட்டுமே வட்டி. தேவைப்பட்டால் பணத்தைத் திரும்ப எடுத்துக்கொள்ளலாம். கவர்ச்சியான ஏற்பாடுதான் என்றாலும், இத்தகைய கடனுக்கு வட்டி சற்றுக் கூடுதலாக வைக்கப்படுவதுண்டு. கூடுதல் கால் சதவீதம் என்றால், கடன் தொகையில் சராசரியாக 3 சதவீதத்துக்கு மேல் கணக்கில் எப்போதும் நின்றால்தான் அந்தக் கூடுதல் ஈடாகும். தொழில் செய்பவர்களின் கணக்கில் அவ்வளவு பணம் நிற்கும். மாதக் கடைசியில் காலியாகும் சம்பளக் கணக்கில் நிற்காது.

என் கணிப்பில், கட்டணமின்றி முன்கூட்டி அடைக்க முடிகிற இடத்தில் பெரும்பாலானோருக்கு இதுவே சிறந்த வழி. ஒரு நிபந்தனை உண்டு: கூடுதல் தொகை மாதந்தோறும் கணக்கிலிருந்து தானாகவே போகும்படி முதல் மாதமே ஏற்பாடு செய்துவிட வேண்டும். பிறகு பார்க்கலாம் என்று விட்டால் இது இரண்டாவது வழியாக மாறிவிடும்.

## நிலையான வட்டியா, மாறும் வட்டியா?

‘நிலையான’ என்பதன் பொருள் நாட்டுக்கு நாடு வேறுபடுகிறது. அமெரிக்காவில் 30 ஆண்டு முழுவதும் மாறாத வட்டி சாதாரணமாகக் கிடைக்கிறது. கனடாவில் ஐந்து ஆண்டுக்கும், பிரிட்டனில் இரண்டு அல்லது ஐந்து ஆண்டுக்கும் வட்டியை நிலையாக வைத்துப் பிறகு அப்போதைய விகிதத்துக்கு மாற்றிக்கொள்வது பரவலான முறை. இந்தியாவில் மாறும் வட்டியே பெருவழக்கு. ஆகவே ‘நிலையான வட்டி’ என்று எழுதியிருந்தால், எத்தனை ஆண்டுக்கு என்ற எண்ணைத் தேடிப் பார்த்தாக வேண்டும்.

மாறும் வட்டியின் ஆபத்து கற்பனையன்று. அமெரிக்க மத்திய வங்கி தன் வட்டி இலக்கை 2022 மார்ச் முதல் 2023 ஜூலைக்குள் 0–0.25 சதவீதத்திலிருந்து 5.25–5.50 சதவீதத்துக்கு உயர்த்தியது. இங்கிலாந்து வங்கி 2021 டிசம்பரில் 0.1 சதவீதமாக இருந்த அடிப்படை வட்டியை 2023 ஆகஸ்டில் 5.25க்குக் கொண்டுவந்தது. இந்திய ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம் (வங்கிகளுக்கு அது குறுகிய காலக் கடன் தரும் வட்டி) 2022 மே மாதத் தொடக்கத்தில் 4 சதவீதமாக இருந்து 2023 பிப்ரவரியில் 6.50 ஆனது. வீட்டுக் கடனின் ஆயுளில் இப்படியொரு ஏற்றம் வராது என்று எண்ணித் திட்டமிடுவது அறிவுடைமையாகாது.

ஏற்றம் வரும்போது இரண்டில் ஒன்று நடக்கும்: தவணை கூடும், அல்லது தவணை மாறாமல் காலம் நீளும். இரண்டாவது வலிக்காது, அதனாலேயே அது கவனிக்கப்படுவதில்லை. 20 ஆண்டுக் கடனில் இரண்டாண்டு முடிந்தபோது மிச்ச அசல் 95,597 என்று கொள்வோம். வட்டி 8இலிருந்து 9 ஆகித் தவணை 836.44 ஆகவே தொடர்ந்தால், மிச்சமிருந்த 216 மாதங்கள் 260க்கு நீள்கின்றன. வட்டி 10 ஆனால் அது 367 மாதம். அதாவது 18 ஆண்டு என்று நினைத்திருந்தது 30 ஆண்டைத் தாண்டிவிடுகிறது. காலத்தை நீட்டாமல் தவணையை உயர்த்தினால் 836.44 என்பது ஏறத்தாழ 956 ஆகும். 14 சதவீத உயர்வு.

இப்போது 30 ஆண்டுக் கடனைப் பார்ப்போம். இரண்டாண்டு முடிவில் மிச்ச அசல் 98,260. வட்டி ஒரே ஒரு புள்ளி ஏறி 9 ஆனாலே, அந்த மாதத்து வட்டி 736.95. தவணையோ 733.76. தவணை வட்டிக்கே போதவில்லை. கட்டக் கட்ட அசல் வளரும். நிறுவனம் தவணையை உயர்த்தியே தீர வேண்டும். நீட்டுவதற்குக் காலம் மிச்சமில்லை.

மாறும் வட்டிக் கடனில் காலம்தான் அதிர்ச்சியைத் தாங்கும் மெத்தை. வாங்கும் நாளிலேயே அதிகபட்சக் காலத்தை எடுத்துக்கொண்டவர் அந்த மெத்தை முழுவதையும் முதல் நாளே செலவழித்துவிடுகிறார். ‘தவணை குறைவாக இருக்கட்டும், பாதுகாப்பு’ என்று எடுத்த முடிவு, வட்டி ஏறும்போது அவரையே மிக அதிகமாகத் தாக்குகிறது. தொடக்கத்திலிருந்தே 10 சதவீதமாக இருந்திருந்தால் 15 ஆண்டுக் கடனின் தவணை 12 சதவீதமும், 30 ஆண்டுக் கடனின் தவணை 20 சதவீதத்துக்குச் சற்றுக் குறைவாகவும் கூடியிருக்கும் என்பது இதையே வேறு விதமாகக் காட்டுகிறது. எனவே காலத்தையும் வட்டி வகையையும் சேர்த்தே முடிவு செய்ய வேண்டும்: வட்டி கடைசி வரை நிலையானது என்றால் நீண்ட காலம் தாங்கும்; மாறும் வட்டி என்றால் 15 முதல் 20 ஆண்டுக்குள் நிற்பது நல்லது, அல்லது நீண்ட காலம் எடுத்தாலும் முதல் நாளிலிருந்தே கூடுதலாகக் கட்ட வேண்டும்.

நிலையான வட்டிக்கும் விலை உண்டு. தொடக்கத்தில் அது பெரும்பாலும் மாறும் வட்டியைவிடக் கூடுதலாக இருக்கும். நடுவில் முறித்தால் அபராதம் வரலாம். மூன்று நான்கு ஆண்டுகளில் கடனை முடிக்கப் போகிறவர் 30 ஆண்டுப் பாதுகாப்புக்கு விலை கொடுப்பதில் பொருளில்லை. அவருக்கு மாறும் வட்டியோ, குறுகிய காலத்துக்கு நிலையான வட்டியோ போதும்.

## நுழைவுக் கட்டணமும் ஒட்டிக்கொள்ளும் செலவுகளும்

செயலாக்கக் கட்டணம், மதிப்பீட்டுக் கட்டணம், ஆவணச் சரிபார்ப்பு, அடமானப் பதிவு ஆகியவை ஒருமுறை செலவுகள். இவை கடன் தொகையில் 1 சதவீதம் என்று வைத்துக்கொண்டால், 30 ஆண்டு முழுவதும் வைத்திருப்பவருக்கு அது வட்டி விகிதத்தில் ஏறத்தாழ 0.1 புள்ளிக்குச் சமம். ஐந்து ஆண்டில் கடனை முடிப்பவருக்கு அதுவே ஏறத்தாழ 0.25 புள்ளி. கட்டணம் கூடுதலாகவும் வட்டி சற்றுக் குறைவாகவும் உள்ள கடன் நீண்ட காலம் இருப்பவருக்குச் சாதகம். சீக்கிரம் வெளியேறுபவருக்கு அது நட்டம்.

கடன் காப்பீட்டுக்கான ஒற்றை முனைமத்தை (ஒரே தடவையில் கட்டும் பிரீமியத்தை) கடன் தொகையிலேயே சேர்த்துவிடும் பழக்கத்தைத் தனியாகக் கவனிக்க வேண்டும். 3,000 முனைமம் 30 ஆண்டுக் கடனில் சேர்ந்தால் தவணையில் 22.01 மட்டுமே கூடும். ஆனால் முடிவில் அதற்குக் கட்டியிருப்பது 7,925. காப்பீடு தேவையானதாகவே இருக்கலாம். அதைக் கடனாக வாங்கத் தேவையில்லை. முன்பணம் குறைவு என்பதற்காகக் கடன் தருவோரைக் காக்கும் காப்பீடு ஒன்றை உங்கள் செலவில் எடுக்கச் சொன்னால், எந்த அளவுக்கு அசல் குறைந்தபின் அது நீங்கும் என்று கேட்டு வையுங்கள். கட்டி முடியாத வீட்டுக்கு முழுக் கடனையும் எடுத்து இரண்டாண்டு வட்டி மட்டும் கட்டினால், 16,000 போயிருக்கும். அசல் அப்படியே இருக்கும். மேலே உள்ள அட்டவணை அதற்குப் பிறகுதான் தொடங்குகிறது.

## நடுவில் கடனை மாற்றினால்

ஏழு ஆண்டு கட்டிய 30 ஆண்டுக் கடனில் மிச்சம் 92,477. இன்னும் 23 ஆண்டு கட்ட வேண்டும். கட்ட வேண்டிய மொத்தம் 2,02,518. இன்னொரு நிறுவனம் 7.5 சதவீதத்தில் புதிதாக 30 ஆண்டுக்குத் தருவதாகச் சொல்கிறது. தவணை 733.76இலிருந்து 646.61க்கு இறங்குகிறது. கேட்பதற்கு இனிமையாக இருந்தாலும், இனிக் கட்ட வேண்டிய மொத்தம் 2,32,780 ஆகிறது. வட்டி குறைந்தும் 30,000க்கு மேல் கூடுதல். அதே 7.5 சதவீதத்தில் மிச்சமுள்ள 23 ஆண்டுக்கே வாங்கினால் தவணை 704.11, மொத்தம் ஏறத்தாழ 1,94,300. சுமார் 8,200 மிச்சம். அந்த 8,200இலிருந்து பழைய கடனை முடிக்கும் கட்டணத்தையும் புதிய கடனின் செயலாக்கக் கட்டணத்தையும் கழித்த பிறகு எவ்வளவு நிற்கிறது என்று பார்க்க வேண்டும். 1 சதவீதக் கட்டணம் என்றாலே 925 போய்விடும். தவணைக் குறைப்பு அவசியமான நெருக்கடியில் இருப்பவர் காலத்தை நீட்டிக்கொள்வதில் தவறில்லை. நெருக்கடி இல்லாதவர் காலத்தை மறுபடியும் முதலிலிருந்து தொடங்கக் கூடாது.

கையெழுத்திடுவதற்கு முன் கடன் தரும் நிறுவனத்திடம் மூன்று தவணை அட்டவணைகளைக் கேட்டு வாங்குங்கள்: இன்றைய வட்டியில் ஒன்று, அதைவிட 2 புள்ளி கூடுதலான வட்டியில் ஒன்று, நீங்கள் மாதந்தோறும் கூடுதலாகக் கட்ட நினைக்கும் தொகையைச் சேர்த்து ஒன்று. அத்துடன், வட்டி ஏறினால் தவணை கூடுமா காலம் நீளுமா, அதை யார் தேர்ந்தெடுப்பது, கூடுதலாகக் கட்டும் தொகைக்குக் காலம் குறையுமா தவணை குறையுமா, அதற்குக் கட்டணம் உண்டா ஆகிய கேள்விகளுக்கு எழுத்தில் பதில் வாங்குங்கள். இரண்டாவது அட்டவணையில் உள்ள தவணை உங்கள் இன்றைய வருமானத்துக்குத் தாங்காது என்றால், குறைக்க வேண்டியது கடன் தொகையை. காலத்தை நீட்டி அதைச் சரிசெய்ய முடியாது.